கிராஞ்சியிலிருந்து ஸ்பூனர் ரோடு வரை: ரயில் காரிடாரில் பெரியவர்களோடு ஒரே நாளில் நடக்க முடியுமா?

தெம்பனிஸ்_செல்வி

வணக்கம். எங்கள் புளோக்கிலிருந்து 14 பேர் ஒரு சனிக்கிழமை காலை, சிங்கப்பூரில் பழைய ரயில் பாதையை நடைபாதையாக்கிய ரயில் காரிடார் போகத் திட்டம். ஐந்து பேருக்கு 60 வயதுக்கு மேல். அதில் ஒரு பெரியம்மாவுக்கு முழங்கால் தொந்தரவு உண்டு, ஆனால் தட்டையான தரையில் ஒரு மணி நேரம் தாராளமாக நடப்பார். ஒரு தம்பதி கைக்குழந்தையைத் தள்ளுவண்டியில் கொண்டுவருகிறார்கள். மூன்று பையன்கள் சைக்கிளில் வருவார்களாம்: இரண்டு மடக்கு சைக்கிள், ஒரு ரோடு பைக்.

முழுத் தூரமும் போக வேண்டும் என்று இளசுகள் பிடிவாதம். கிராஞ்சியில் தொடங்கித் தெற்கே முடிப்பது இந்தக் கூட்டத்துக்குச் சரிவருமா, இல்லை துண்டு போடலாமா? கழிப்பறையும் தண்ணீரும் எங்கே கிடைக்கும்?

இன்னொன்று. தடத்தில் சில இடம் சிமெண்ட் போட்டது போலக் கெட்டியாக இருக்கிறது, நூறு மீட்டர் தள்ளிப் போனால் கணுக்கால் வரை சேறு என்று பலரும் எழுதுகிறார்கள். ஒரே பாதையில் ஏன் இந்த வித்தியாசம்? சேறு வரும் இடத்தை முன்கூட்டியே கண்டுபிடிக்க வழி உண்டா?

தண்டவாளம்62

செல்வி, 14 பேரையும் ஒரே தூரம் நடக்க வைக்காதீர்கள். 24 கி.மீ. என்று எல்லோரும் சொல்வது உட்லண்ட்ஸிலிருந்து தஞ்சோங் பகார் வரை ஓடிய பழைய ரயில் பாதையின் முழு நீளம். நடப்பவர்கள் வழக்கமாக எடுத்துக்கொள்வது கிராஞ்சி எம்ஆர்டி (நகர ரயில்) நிலையம் முதல் ஸ்பூனர் ரோடு வரை. அது அதைவிடச் சற்றுக் குறைவு என்றாலும், பெரியவர்கள் நடையில் மணிக்கு 3 கி.மீ. என்று வைத்தால் நிற்காமல் போனாலே ஏழு மணி நேரம். மதிய வெயிலில் அது கூடவே கூடாது.

பெரியவர்களுக்கும் தள்ளுவண்டிக்கும் நடுப்பகுதி போதும். ஹில்வியூ ரோட்டிலிருந்து பழைய புக்கிட் தீமா ரயில் நிலையம் வரை 4 கி.மீ. 2021 மார்ச்சில் சீரமைத்துத் திறந்த பகுதி இது. பார்க்க வேண்டியதில் முக்கால்வாசி இங்கேதான் இருக்கிறது. வடக்கிலிருந்து வந்தால் ரயில் மால் அருகே அப்பர் புக்கிட் தீமா ரோட்டுக்கு மேல் முதல் இரும்புச் சட்டகப் பாலம். பிறகு புக்கிட் தீமா மலையடிவாரத்தை ஒட்டிப் போகும் நிழலான தடம். கிங் ஆல்பர்ட் பார்க் அருகே புக்கிட் தீமா ரோட்டையும் டனர்ன் ரோட்டையும் தாண்டும் இரண்டாவது பாலம். அதைக் கடந்த கொஞ்ச தூரத்தில் ரயில் நிலையம். ஹியூம் எம்ஆர்டி 2025-ல் திறந்த பிறகு பெரியம்மா மாதிரி ஆட்களுக்கு இன்னும் வசதி: ரயில் மால் பக்கம் நேராக வந்து தூரத்தை மேலும் குறைத்துக்கொள்ளலாம். முடிந்ததும் கிங் ஆல்பர்ட் பார்க் எம்ஆர்டிக்கு நடந்துவிடலாம்.

இளசுகள் காலை 7 மணிக்குக் கிராஞ்சியில் தொடங்கட்டும். வடபகுதி நடுப்பகுதியைப் போல ஏறக்குறைய இரண்டு மடங்கு. இரண்டு, இரண்டரை மணி நேரத்தில் ஹில்வியூ வந்துவிடுவார்கள். பெரியவர்கள் 9.30-க்கு அங்கே சேர்ந்தால் 11 மணிக்கு எல்லோரும் ரயில் நிலையத்தில் இருப்பீர்கள். ஸ்டேஷன் மாஸ்டர் வீடு இப்போது காப்பிக் கடை, சாப்பாட்டை அங்கேயே முடித்துக்கொள்ளலாம். தெம்பு மிச்சம் இருப்பவர்கள் மாலை 4 மணிக்கு மேல் தெற்கே தொடரலாம். ஆனால் 7 மணிக்கு இருட்டிவிடும், தடத்தின் பெரும்பகுதியில் விளக்கு கிடையாது. தலையில் மாட்டும் டார்ச் இல்லாமல் போக வேண்டாம்.

வடபகுதியில் நேரத்தைத் தின்பது ரோடு கடக்கும் இடங்கள்தாம். ரயில் ஓடிய காலத்தில் கிராஞ்சி ரோடு, சுங்கை காடுட் அவென்யூ, ஸ்டாக்மன்ட் ரிங், சுவா சூ காங் ரோடு, கோம்பாக் டிரைவ் என்று ஐந்து இடத்தில் கேட் போட்டு வண்டிகளை நிறுத்தினார்கள். இப்போது ரயில் இல்லை, நிற்க வேண்டியது நாம்தான். தடம் எதிரே நேராகத் தெரிகிறதே என்று பாய வேண்டாம், சிக்னல் இருக்கும் இடம் வரை போய்த் திரும்பி வாருங்கள். கூட்டமாகப் போனால் ஒவ்வொரு ரோட்டுக்கும் ஐந்து நிமிடம் ஒதுக்குங்கள்.

கழிப்பறை: கிராஞ்சி எம்ஆர்டியில் போய்விட்டுத் தொடங்குங்கள், அடுத்து புக்கிட் பாஞ்சாங் கடைத்தொகுதிகள், பிறகு புக்கிட் தீமா ரயில் நிலையம். தெற்கே போனால் புவன விஸ்தா எம்ஆர்டி. நடுவில் ஏதாவது இருக்கும் என்று நம்பாதீர்கள். தண்ணீர் ஆளுக்கு ஒன்றரை லிட்டர், முழுத் தூரம் போகிறவர்களுக்கு இரண்டு.

தள்ளுவண்டி விஷயம்: சக்கரம் 20 செ.மீ.க்குக் குறைவான மடக்கு வண்டி சல்லித்தூளில் முன்சக்கரம் குத்திக்கொண்டு நிற்கும். பெரிய சக்கர வண்டி இல்லாவிட்டால் குழந்தையைத் தூளியில் கட்டிக்கொள்வதே மேல். எல்லா நுழைவிலும் சாய்தளம் கிடையாது, சில இடத்தில் படி மட்டும்தான். எந்த வழியாக ஏறுவது, எந்த வழியாக இறங்குவது என்பதை முதலிலேயே முடிவு செய்துவிடுங்கள்.

ஜல்லிக்கல்

சேற்றுக் கேள்விக்கு மட்டும் பதில் சொல்கிறேன். ரயில்வேக்காரன் அந்த இடத்தில் மண்ணை என்ன செய்தான் என்று பார்த்தாலே முக்கால்வாசி விடை கிடைத்துவிடும்.

ரயிலுக்குச் செங்குத்து ஏற்றம் ஆகாது. நூறு மீட்டருக்கு ஒரு மீட்டர் ஏறுவதே அதற்குப் பெரிது. அதனால் பள்ளத்தில் மண் கொட்டிக் கரை எழுப்புவார்கள், மேட்டைக் குடைந்து வெட்டுவார்கள். கரைமேல் தடம் போனால் மழைநீர் இரு பக்கமும் வழிந்துவிடும், காற்றும் வெயிலும் அடிக்கும், சில மணி நேரத்தில் காய்ந்துவிடும். வெட்டுக்குள் போனால் இரண்டு சரிவின் தண்ணீரும் தடத்துக்குத்தான் வந்து சேரும். ரயில் ஓடிய நாளில் இரு ஓர வாய்க்காலையும் தூர்வார ஆள் இருந்தார்கள். வாய்க்கால் இலையால் அடைபட்டால் தண்ணீருக்குப் போக்கிடம் தடம்தான். ஆகவே, இரு புறமும் தரை உங்கள் தோளுக்கு மேல் உயர்ந்து மரம் கவிந்த இடம் கண்ணில் பட்டால், முந்தின நாள் மழை என்றால், அங்கே சேறு உறுதி. இரு புறமும் தரை இறங்கினால் கவலையில்லை.

அடுத்தது மேல்பூச்சு. 2011 ஜூன் 30 இரவோடு ரயில் நின்று, அதன் பிறகு தண்டவாளத்தையும் கட்டைகளையும் பெரும்பாலும் பெயர்த்து எடுத்துவிட்டார்கள். ரயில் நிலையத்திலும் இரண்டு பாலங்களிலும் அடையாளத்துக்கு விட்டிருக்கிறார்கள். அளந்து பார்க்க ஆசையிருந்தால் இரண்டு தண்டவாளத்துக்கும் உள்பக்க இடைவெளி சரியாக ஒரு மீட்டர்.

ரயில் தடங்களில் தண்டவாளம் போனபின் மிஞ்சுவது 40 முதல் 60 மி.மீ. வரையுள்ள கூர்முனை ஜல்லி. ரயிலைத் தாங்க அது அருமை, மனிதன் நடந்தால் கணுக்கால் பிசகும். உலகம் பூராவும் செய்யும் தப்பு, அந்த ஜல்லிமேல் நேரடியாகத் தூளைக் கொட்டி உருளை ஓட்டுவது. முதல் மாதம் கண்ணாடி மாதிரி இருக்கும். மழை பெய்யப் பெய்யத் தூள் ஜல்லியின் இடுக்குக்குள் இறங்கிவிடும், மேலே குழி விழும், குழியில் தண்ணீர் நிற்கும், சக்கரம் ஏறிக் குழியைப் பெரிதாக்கும். மேலும் தூள் கொட்டினால் அதுவும் உள்ளே போகும்.

சரியான முறை இது. இதே அளவைத்தான் ரயில் காரிடார் முழுக்கப் போட்டிருக்கிறார்கள் என்று சொல்லவில்லை, எந்த ரயில் தடத்துக்கும் பொருந்தும் பொதுக் கணக்கு. அடித்தளத்தைச் சமன் செய்து, சதுர மீட்டருக்கு 200 கிராம் எடையுள்ள நெய்யாத ஜியோடெக்ஸ்டைல் துணியை விரிக்க வேண்டும். தூள் கீழே இறங்காமல், களிமண் மேலே ஏறாமல் தடுப்பது அதுதான். அதன்மேல் 25 மி.மீ. முதல் தூள் வரை எல்லா அளவும் கலந்த ஜல்லி, ரோட்டு வேலையில் வெட்மிக்ஸ் என்பது, இறுக்கியபின் 150 மி.மீ. மேலே 6 மி.மீ.க்கு உட்பட்ட கிரஷர் தூள் 50 மி.மீ. இங்கே ஆற்றுமணல் போட்டால் கெட்டது கதை. மணலின் உருண்டைத் துகள்கள் ஒன்றையொன்று பிடிக்காது, கிரஷர் தூளின் கோணல் துகள்கள்தான் பூட்டிக்கொள்ளும். கூடவே மாவு போன்ற நுண்தூள் கொஞ்சம் இருக்க வேண்டும். கழுவிச் சலித்த சுத்தமான தூள் பார்க்க அழகு, இறுகவே இறுகாது.

இறுக்கும்போது ஈரப்பதம் முக்கியம். ஒரு பிடி எடுத்து அழுத்தினால் உருண்டை உடையாமல் நிற்க வேண்டும், விரலிடுக்கில் தண்ணீர் கசியக்கூடாது. உலர்ந்திருந்தால் உருளை எத்தனை தரம் ஓடினாலும் பயனில்லை, அதிகம் நனைந்திருந்தால் உருளைக்கு முன்னால் அலை எழும்பும்.

மூன்று மீட்டர் அகலத் தடத்துக்குக் கிலோமீட்டருக்கு இறுகிய நிலையில் ஜல்லிக் கலவை 450 கன மீட்டர், எடையில் ஏறக்குறைய ஆயிரம் டன். தூள் 150 கன மீட்டர். லாரியில் வரும்போது உதிரியாக இருக்கும் என்பதால் கால் பங்கு கூட்டிக் கேட்க வேண்டும். குறுக்குச் சாய்வு 2 சதவீதம், அதாவது மூன்று மீட்டருக்கு 6 செ.மீ. கண்ணுக்குத் தெரியாது, தண்ணீருக்குத் தெரியும்.

எல்லாம் சரியாகச் செய்தும் கெடுவதற்குக் காரணம் பெரும்பாலும் இலை. மட்கிய இலை தூள்மேல் கறுப்பு ஏடாகப் படியும், அது தண்ணீரை உள்ளே விடாது, வழுக்கும். தடம் சாம்பல் நிறமாக இருந்தால் கெட்டி, கறுத்திருந்தால் கால் பார்த்து வையுங்கள். சாய்தளம் 5 சதவீதத்துக்கு மேல் போனாலும் தூளை மழை அடித்துக்கொண்டு போய்விடும், அங்கே கான்கிரீட்தான் நிற்கும்.

தெற்குப் பகுதியில் இன்னொரு விஷயமும் உண்டு: தடத்துக்கு அடியில் பொதுப் பயனீட்டுக் கழகத்தின் முர்னேன் தண்ணீர்க் குழாய் போகிறது. அதனால் பழைய ரயில்வே மண்ணடுக்கு தெற்கே பல இடத்தில் அப்படியே இருக்காது.

கடைசியாக ஒன்று: சேறு கண்டால் புல் ஓரமாக ஒதுங்காதீர்கள். எல்லோரும் ஒதுங்கி ஒதுங்கித்தான் இரண்டடிச் சேறு எட்டடி ஆகிறது. நடுவிலேயே மிதித்துப் போங்கள்.

தண்டவாளம்62

கடைசி வரியை இளசுகளுக்கு மட்டும் வைத்துக்கொள்ளுங்கள் ஜல்லிக்கல். முழங்கால் வலிக்காரர் அடி தெரியாத குட்டையில் கால் வைத்தால் மூட்டு முறுக்கிக்கொள்ளும். பெரியவர்கள் கையில் ஊன்றுகோல் இருக்கட்டும், முதலில் கோலை விட்டு ஆழம் பார்க்கட்டும். இரண்டு விரற்கடைக்கு மேல் இறங்கினால் புல்லோரமாகப் போகட்டும். அவர்கள் ஐந்து பேரால் தடம் அகலமாகிவிடாது.

தெம்பனிஸ்_செல்வி

அண்ணன்மார் இருவருக்கும் மிக்க நன்றி. நடுப்பகுதி என்றே முடிவு செய்துவிட்டோம், பெரியம்மாவுக்கு ஊன்றுகோலும் வாங்கியாகிவிட்டது. சைக்கிள் பையன்கள்தான் தெற்கே முடிக்காமல் வரமாட்டோம் என்கிறார்கள். ரோடு பைக் தாங்குமா? குரங்குத் தொல்லை எப்படி? திடீர் மழை பிடித்தால் எங்கே ஒதுங்குவது?

சக்கரம்20

ரோடு பைக்கில் டயர் 25 மி.மீ. இருக்கும், காற்று 90, 100 பிஎஸ்ஐ. காய்ந்த நாளில் நடுப்பகுதியில் ஓட்டலாம், கை மரத்துப்போகும், அவ்வளவுதான். ஈரத்தில் கத்தி மாதிரி தடத்தைக் கீறிக்கொண்டு இறங்கும். 35 முதல் 40 மி.மீ. டயர், 40, 45 பிஎஸ்ஐ காற்று, இதுதான் இந்தத் தடத்துக்குச் சரி. ஃபிரேமில் இடம் இருந்தால் 28 அல்லது 32 மாட்டி 60-க்கு இறக்கச் சொல்லுங்கள். அதற்கும் கீழே இறக்கினால் கல்விளிம்பில் டியூப் கிள்ளிப் பாம்பு கடித்தது போல் இரண்டு ஓட்டை விழும்.

மடக்கு சைக்கிளில் பிரச்சினை மட்கார்ட். 16 அங்குலச் சக்கரத்தில் டயருக்கும் மட்கார்டுக்கும் இடையே ஒரு விரல்தான் நுழையும். சேறும் புல்லும் அதில் அடைந்து சக்கரம் பூட்டிக்கொள்ளும். முன்சக்கரம் பூட்டினால் ஆள் தலைகுப்புற. மழைக்கு மறுநாள் என்றால் மட்கார்டைக் கழற்றிவிட்டு வரட்டும், இல்லாவிட்டால் ஒரு ஐஸ்கிரீம் குச்சியாவது பையில் இருக்கட்டும், அவ்வப்போது சுரண்ட.

எம்ஆர்டியில் மடக்கிய சைக்கிள் 120 x 70 x 40 செ.மீ.க்குள் இருந்தால்தான் ஏற்றலாம். ரோடு பைக்கை ஏற்றவே முடியாது. அந்தப் பையன் கிராஞ்சிக்கும் ஓட்டிக்கொண்டுதான் வர வேண்டும், ஸ்பூனர் ரோட்டிலிருந்து வீட்டுக்கும் ஓட்டிக்கொண்டுதான் போக வேண்டும். தெம்பனிஸ் பையனுக்கு அது லேசான தூரமில்லை என்று முன்கூட்டியே சொல்லிவிடுங்கள்.

தெற்கே போகையில் ஒரு பொறி உண்டு. புக்கிட் தீமா ரயில் நிலையத்துக்கு அருகேதான் பழைய ஜூரோங் கிளைப்பாதை பிரிந்தது. 1965-ல் ஜூரோங் தொழிற்பேட்டைக்காகப் போட்ட சரக்குப் பாதை, தொண்ணூறுகளின் தொடக்கத்தில் மூடிவிட்டார்கள். அதன் தடயம் கிளமெண்டி காட்டுக்குள் போய் சன்செட் வே பக்கம் எட்டிப் பார்க்கும். படம் எடுக்கிறவர்களுக்குச் சொர்க்கம், சைக்கிளுக்கு நரகம். செப்பனிட்ட தடமே இல்லை. காலடியில் சல்லித்தூள் மறைந்து வெறும் மண்ணும் வேரும் தொடங்கினால் திரும்பிவிட வேண்டும்.

இரண்டு பாலங்களிலும் இறங்கித் தள்ளிக்கொண்டு போகட்டும். படம் எடுக்க நிற்கும் கூட்டம் எப்போது பின்னால் நகரும் என்று சொல்ல முடியாது.

மழைக்கோடு

மழைக்கு: ஏப்ரல் முதல் நவம்பர் வரை விடியற்காலையில் மேற்கிலிருந்து சுமத்ரா சூறைக்காற்று வரும், ஒன்றிரண்டு மணி நேரம் அடித்துவிட்டுப் போய்விடும். பிற்பகல் இடிமழை தனி. இங்கே ஆண்டில் கிட்டத்தட்ட பாதி நாள் இடி இடிக்கும். மின்னலுக்கும் இடிக்கும் இடையே 30 நொடிக்குக் குறைவென்றால் மின்னல் 10 கி.மீ.க்குள் இருக்கிறது. உடனே தடத்தை விட்டு வெளியேறிக் கட்டடத்துக்குள் போய்விட வேண்டும். கடைசி இடி கேட்டு அரை மணி நேரம் கழித்துத் தொடரலாம். இரும்புப் பாலத்தின் மேலும் தனிமரத்தின் அடியிலும் ஒதுங்குவதுதான் பலர் செய்யும் அசட்டுத்தனம். வடக்கே புக்கிட் பாஞ்சாங், நடுவே ரயில் மால், தெற்கே புவன விஸ்தா, இவைதான் சட்டென்று கூரை கிடைக்கும் இடங்கள். சாலை மேம்பாலங்களுக்கு அடியிலும் நனையாமல் நிற்கலாம், மழைக்கு மட்டும்.

குரங்குகள் புக்கிட் தீமா மலையை ஒட்டிய பகுதியில்தான் அதிகம். அவற்றுக்கு நாம் தேவையில்லை, பிளாஸ்டிக் பை சலசலப்புத்தான் தேவை. முறுக்கும் வடையும் மூடிய முதுகுப்பைக்குள் இருக்கட்டும், கையில் சிவப்புப் பை தொங்க வேண்டாம். பல்லைக் காட்டி முறைத்தால் திருப்பி முறைக்காமல், முதுகு காட்டி ஓடாமல், மெல்ல நகருங்கள். குழந்தை கையில் பிஸ்கட் கொடுக்கவே கொடுக்காதீர்கள். நீங்களாக உணவு கொடுத்தால் முதல் தடவைக்கே 5,000 வெள்ளி (சிங்கப்பூர் டாலர்) வரை அபராதம். காட்டுப்பன்றி கண்டால் குட்டிக்கும் தாய்க்கும் நடுவில் போகாமல் இருந்தால் போதும்.

குயின்ஸ்டவுன்_ராமு

பெரியவர்கள் வருகிறார்கள் என்பதால் ஒரு தகவல். புக்கிட் தீமா ரயில் நிலையமும் தஞ்சோங் பகார் நிலையமும் 1932-ல் வந்தவை. அதற்கு முன் 1903-லிருந்து ரயில் டேங்க் ரோடு வழியாக நகருக்குள் ஓடியது. ஊருக்குள் ரோடுகளைக் குறுக்கிட்டுக்கொண்டு போனதால் நெரிசல் தாங்காமல் புக்கிட் தீமாவிலிருந்து தெற்கே புதிதாக வளைத்துப் போட்டார்கள். ஆக, நீங்கள் நடக்கும் தடத்தில் வடக்குப் பாதி ஒரு வயது, தெற்குப் பாதி வேறு வயது.

அதே 1932-ல் குயின்ஸ்வே ரயில்வே குடியிருப்பில் மலாயன் ரயில்வேயின் தமிழ்த் தொழிலாளர்கள் சிறு கொட்டகை போட்டு முனியாண்டியை வைத்துக் கும்பிட்டார்கள். இன்று காமன்வெல்த் டிரைவில் இருக்கும் ஸ்ரீ முனீஸ்வரன் கோயில் அதுதான். தெற்கே போகிற சைக்கிள் பையன்கள் டாங்லின் ஹால்ட் பக்கம் தடத்தை விட்டு வெளியே வந்தால் கோயிலுக்குப் போய்வரலாம். அந்த டாங்லின் ஹால்ட்டே ஒரு காலத்தில் ரயில் நின்று போன சின்ன நிறுத்தத்தின் பெயர்தான்.

ரயில் நிலையத்தில் சிக்னல் நெம்புகோல்களைப் பெரியவர்களுக்குக் காட்டுங்கள். 2011-ல் கடைசி ரயில் வரைக்கும் இங்கே சாவி டோக்கன் முறைதான். ஒற்றைப் பாதையில் அந்தத் துண்டுக்குரிய டோக்கன் கையில் இருக்கும் ஓட்டுநர் மட்டுமே உள்ளே போகலாம், வெளியேறும்போது அதைக் கொடுத்துவிட்டு அடுத்த துண்டுக்கானதை வாங்கிக்கொள்ள வேண்டும். பழைய ஆட்களுக்குச் சொன்னால் உடனே பிடித்துக்கொள்வார்கள்.

சக்கரம்20

ராமு அண்ணன் சொன்னதோடு ஒரு திருத்தம் மாதிரி: கோயிலுக்குப் போய்விட்டு மறுபடி தடத்துக்கு வருவதென்றால் வெளியேறிய அதே நுழைவுக்கே திரும்பச் சொல்லுங்கள். அந்தப் பக்கம் தடம் ரோட்டுமட்டத்தில் இல்லாத இடங்கள் உண்டு. மேப்பில் பக்கத்தில் தெரியும், போனால் வேலியோ சரிவோ நிற்கும். ஸ்பூனர் ரோட்டில் முடித்தபின் காம்போங் பாரு ரோட்டுக்கு வந்தால் மடக்கு சைக்கிள்காரர்கள் பஸ்ஸில் ஏறி அவுட்ரம் பார்க் எம்ஆர்டி போகலாம். ஏறுமுன் சக்கரத்துச் சேற்றைத் தட்டிவிட்டு ஒரு குப்பைப் பையில் போட்டுக் கட்டிக்கொள்ளட்டும்.